அழுகைப் படம் என்று ஒதுக்காதீர்கள்: ஸ்பானிய மெலோடிராமாவுக்குள் நுழைய ஒரு வழி

பேய்க்காற்று அடிக்கிறது. ஸ்பெயினின் லா மாஞ்சா பகுதியில் ஒரு கல்லறைத் தோட்டம். பெண்கள் வரிசையாகக் குனிந்து, தண்ணீரும் துணியுமாகச் சலவைக்கல் சமாதிகளைத் தேய்த்துக்கொண்டிருக்கிறார்கள். வைத்த பூவைக் காற்று தள்ளிவிடுகிறது, எடுத்து மறுபடி வைக்கிறார்கள். பின்னணியில் சார்சுவேலா என்ற பழைய மேடை இசைநாடகத்தின் பாட்டு ஒன்று உற்சாகமாக ஒலிக்கிறது. இரண்டு சகோதரிகள் தங்கள் பெற்றோரின் கல்லறையைத் துடைக்கிறார்கள். ஊர்க்காரப் பெண் ஒருத்தி துடைக்க வந்திருப்பதோ தனக்கென்று முன்கூட்டியே வாங்கிவைத்த கல்லறையை.

2006-இல் வந்த, ஸ்பானிய இயக்குநர் பெத்ரோ அல்மோதோவாரின் 'வோல்வேர்' படம் இப்படித்தான் தொடங்குகிறது. ஸ்பானிய சினிமா பக்கமே போகாத நண்பர்கள் "எதிலிருந்து ஆரம்பிக்க?" என்று கேட்டால் நான் தயங்காமல் சொல்வது இந்தப் படத்தை. அதற்கு அடுத்து என்ன, எந்த வரிசையில், எதைக் கவனித்துப் பார்ப்பது என்று பலருக்கும் தனித்தனியாகச் சொல்லி வந்ததை இங்கே ஒரே இடத்தில் எழுதிவைக்கிறேன். வாரத்துக்கு ஒரு படம் போதும். இரண்டு மூன்று மாதத்தில் முடித்துவிடலாம். பல படங்களில் பாலியல் வன்முறை கதையின் மையத்திலேயே இருக்கிறது, ஆகவே குழந்தைகளை வைத்துக்கொண்டு பார்க்க வேண்டாம்.

1. முதலில் அந்த வார்த்தையிலிருந்து வசையை எடுத்துவிடுங்கள்

நம் பேச்சில் 'மெலோடிராமா' என்றால் ஏறக்குறைய திட்டு. "ஓவரா அழுகுறாங்க", "சீரியல் மாதிரி இருக்கு" என்பதற்கு விமர்சகர் வைத்த பெயர் அது. ஆனால் அந்தச் சொல்லின் முதல் பாதி 'மெலோஸ்', கிரேக்கத்தில் பாட்டு. இசையோடு நடக்கும் நாடகம், அவ்வளவுதான். பேச்சால் முடியாத இடத்தில் இசை, நிறம், ஒரு பொருள், ஒரு முகம் வந்து மிச்சத்தைச் சொல்லும் கதைமுறை.

ஸ்பெயினில் இந்த 'பேச்சால் முடியாத இடம்' மிகப் பெரியது. உள்நாட்டுப் போர், அதற்குப் பின் முப்பத்தாறு வருட சர்வாதிகாரம், தணிக்கை, தேவாலயத்தின் பிடி. வீட்டுக்குள் நடந்ததை வெளியே சொல்ல வழியில்லாத நாட்டில் அழுகைப் படம்தான் அதைச் சொல்லும் இடமாயிற்று. ஆட்சியும் அதே அழுகையைத் தன் வேலைக்கு எடுத்துக்கொண்டது. இந்த இழுபறிதான் நீங்கள் பார்க்கப்போவது.

ஒரு நோட்டுப் புத்தகம் வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு படத்துக்கும் மூன்று கேள்வி மட்டும் எழுதினால் போதும்: யாரிடமிருந்து எந்த ரகசியம் மறைக்கப்படுகிறது? எந்தப் பொருள் திரும்பத் திரும்ப வருகிறது? பாட்டு எந்த இடத்தில் வருகிறது, அதைக் கேட்டு அழுவது யார்?

2. 'வோல்வேர்' படத்தை இரண்டு தடவை பாருங்கள்

முதல் தடவை கதைக்காக. நோட்டை மூடி வையுங்கள், அழ வந்தால் அழுங்கள். இரண்டாம் தடவை ஒரே ஒரு காட்சியில் நிறுத்திப் பாருங்கள்.

முதல் அரை மணி நேரத்துக்குள் ஒரு வீட்டின் சமையலறையில் ஒரு சாவு நடந்துவிடுகிறது. பெனலோப் க்ரூஸ் நடிக்கும் ரைமுந்தா அலறவில்லை. டிஷ்யூ பேப்பரை எடுத்து ரத்தத்தின் மேல் போடுகிறாள். கேமரா மேலிருந்து பார்க்கிறது: வெள்ளைத் தாளில் சிவப்பு ஊறிப் பரவுகிறது. பிறகு மாப் போட்டுத் துடைக்கிறாள். தினமும் செய்கிற வேலையின் அதே வேகம், அதே கை. அந்த நேரம் பார்த்து அழைப்பு மணி. பக்கத்து ஓட்டல்காரர் வாசலில் நிற்கிறார். அவள் கழுத்தில் ரத்தக் கறையைப் பார்த்து அடிபட்டுவிட்டதா என்று கேட்கிறார். "பெண்கள் சமாசாரம்" என்கிறாள் அவள். அவர் மேற்கொண்டு ஒன்றும் கேட்கவில்லை.

அந்தப் பதிலில் தகிடுதத்தம் எதுவும் இல்லை. வீட்டுக்குள் ஒரு பெண்ணுக்கு நேரும் கொடுமை, அதை இன்னொரு பெண் மறைப்பது, கழுவுவது, சுமப்பது, எல்லாமே உண்மையில் பெண்கள் சமாசாரமாகத்தான் அங்கே விடப்பட்டிருக்கிறது. சாதாரண ஒரு வாக்கியத்துக்குள் இவ்வளவையும் அடைப்பதுதான் நல்ல மெலோடிராமாவின் வேலை. கல்லறையைத் தேய்த்த கையும் இந்தத் தரையைத் துடைக்கிற கையும் ஒரே கை என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள், கடைசியில் தேவைப்படும்.

இந்தப் படத்துக்காக 2006 கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருதை ஒருவருக்குக் கொடுக்காமல் ஆறு நடிகைகளுக்கும் சேர்த்தே கொடுத்தார்கள். படத்தைப் பார்த்தால் ஏன் என்று புரியும். ஒருத்தியின் கண்ணீரை இன்னொருத்தி தொடர்கிற படம் அது.

3. நான்கு வருடங்களை எழுதி ஒட்டிக்கொள்ளுங்கள்

பழைய படங்களுக்குப் போவதற்கு முன் இது அவசியம். இல்லாவிட்டால் "இந்தப் பெண் ஏன் பேசாமல் வீட்டை விட்டுப் போகக் கூடாது?" என்று கேட்டுக்கொண்டே இருப்பீர்கள்.

1939-இல் உள்நாட்டுப் போர் முடிந்து சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சி தொடங்குகிறது. 1975 நவம்பரில் அவர் சாகும்வரை நீடிக்கிறது. அதே 1975-இல், அவர் சாவதற்குச் சில மாதம் முன்புதான், வேலைக்குச் சேரவும் வங்கிக் கணக்கு தொடங்கவும் மனைவிக்குக் கணவனின் அனுமதி வேண்டும் என்ற சட்டம் எடுக்கப்பட்டது. மனைவி வேறொருவனோடு உறவு வைத்தால் சிறைக் குற்றம். கணவனுக்கோ, தொடுப்பு வைத்து ஊரறியக் குடும்பம் நடத்தினால்தான் குற்றம். இது போனது 1978-இல். விவாகரத்துச் சட்டம் திரும்ப வந்தது 1981-இல்.

அதோடு தணிக்கை. 1941 முதல் வெளிநாட்டுப் படங்கள் எல்லாம் ஸ்பானிய மொழியில் டப் செய்தே காட்டப்பட வேண்டும் என்று ஆணை. டப்பிங் தணிக்கையாளருக்கு வசதியான கத்தி. வெட்டவே வேண்டாம், வசனத்தை மாற்றினால் போதும். பிரபலமான உதாரணம் 1953-இல் வந்த ஹாலிவுட் படம் 'மொகாம்போ'. மணமான பெண் இன்னொருவனைக் காதலிப்பதைக் காட்டக் கூடாது என்பதற்காக அவளையும் அவள் கணவனையும் டப்பிங்கில் அண்ணன் தங்கையாக்கினார்கள். ஒரு கள்ளக்காதலை மறைக்கப் போய் அதைவிட விபரீதமான ஒன்று திரையில் வந்து உட்கார்ந்தது.

இதனால்தான் நான் எல்லோரிடமும் வற்புறுத்துவது: ஸ்பானிய ஒலியோடு, வசன வரிகள் போட்டு மட்டுமே பாருங்கள். 'வோல்வேர்' படத்தை முதலில் நான் பார்த்தது ஓர் ஆங்கில டப்பிங்கில். லா மாஞ்சாப் பெண்கள் கன்னத்தில் கன்னம் வைத்து, சத்தம் கேட்க அடுத்தடுத்து முத்தமிட்டுக்கொள்ளும் அந்த ஓசைகூடத் தட்டையாகிப் போயிருந்தது. மூல ஒலியில் அடுத்த வாரம் மறுபடி பார்த்தபோதுதான் படம் எனக்குக் கிடைத்தது.

4. ஆட்சிக்குப் பிடித்த கண்ணீர்

இந்தப் படியில் நீண்ட நாள் தங்க வேண்டாம். ஆனால் தாண்டிக் குதிக்கவும் வேண்டாம்.

'லோகுரா தெ அமோர்' (1948), கணவன் மேல் வைத்த காதலாலும் பொறாமையாலும் புத்தி பேதலித்ததாகச் சொல்லப்படும் பழைய ஸ்பானிய அரசி ஹுவானாவின் கதை. ஹுவான் தெ ஓர்துன்யா இயக்கியது. அரண்மனை, வெல்வெட், நீண்ட வசனம், ஔரோரா பௌதிஸ்தாவின் உச்சஸ்தாயி நடிப்பு. பேரரசின் பெருமையைச் சொல்ல எடுத்த படம்தான். ஆனால் திரையில் நிற்பது, சுற்றியுள்ள ஆண்கள் எல்லோரும் சேர்ந்து பைத்தியம் என்று முத்திரை குத்திய ஒரு பெண். இந்த இரண்டும் ஒரே படத்துக்குள் மோதுவதைப் பாருங்கள்.

அதே நடிகையை 'லா தியா தூலா' (1964) படத்தில் பாருங்கள். தமிழில் சொன்னால் 'தூலா சித்தி'. இறந்துபோன அக்காவின் பிள்ளைகளை வளர்த்துக்கொண்டு, மனைவியை இழந்த அத்தானோடு ஒரே வீட்டில் இருக்கும் மணமாகாத பெண். இங்கே ஔரோரா பௌதிஸ்தா குரலை உயர்த்துவதே அபூர்வம். பதினாறு வருடத்தில் அழுகை உள்ளே போய்விட்டது. இயக்கம் மிகேல் பிகாசோ.

இரண்டுக்கும் நடுவே 1957-இல் 'எல் ஊல்திமோ குப்லே' வெடித்தது. ஒரு பாடகியின் எழுச்சியும் வீழ்ச்சியும், காளைச் சண்டை வீரனோடு காதலும். கதை புதிதல்ல. புதிது சாரா மொன்தியேலின் குரல். பழைய பாடகிகள் கீச்சுக் குரலில் பாடிய பாட்டுகளை அவர் தாழ்ந்த குரலில், நிதானமாக, மூச்சை இழுத்துப் பாடினார். உடலைப் பற்றி ஒரு வார்த்தை பேச முடியாத நாட்டில் அந்தக் குரல் என்ன செய்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். மாட்ரிட்டில் ஒரே அரங்கில் மாதக்கணக்கில் ஓடியது. சாராவும் லா மாஞ்சாக்காரர்தான். பல பத்தாண்டு கழித்து அதே மண்ணின் அல்மோதோவார் தன் 'லா மாலா எதுகாசியோன்' (2004) படத்தில், சாராவின் படத்தைத் தியேட்டரில் பார்த்துக் கிறங்கிப்போகும் இரண்டு பள்ளிச் சிறுவர்களை வைத்தார்.

5. 'சைக்கிள்காரனின் மரணம்' படத்துக்கு ஒரு முழு மாலையை ஒதுக்குங்கள்

ஒரே ஒரு பழைய படத்துக்குத்தான் நேரம் இருக்கிறது என்றால் அது இதுவாக இருக்கட்டும். ஹுவான் அந்தோனியோ பார்தெம் இயக்கிய 'முவெர்தே தெ உன் சிக்லிஸ்தா', 1955. இன்று உலகறிந்த நடிகர் ஹாவியேர் பார்தெமின் தாய்மாமன் இவர்.

ஆளரவமற்ற சாலை. காரில் வரும் கள்ளக்காதலர்கள் ஒரு சைக்கிள்காரன் மேல் மோதிவிடுகிறார்கள். இன்னும் உயிர் இருக்கிறது. உதவிக்கு ஆள் கூப்பிட்டால் தங்கள் உறவு ஊருக்குத் தெரிந்துவிடும். அவனை அப்படியே விட்டுவிட்டுப் போகிறார்கள். அந்தத் தொழிலாளியின் பிணத்தின் மேல்தான் மீதிக் காதல் கதை நடக்கிறது. அவள் பணக்காரனின் மனைவி. அவன் செல்வாக்குள்ள மைத்துனர் தயவில் பல்கலைக்கழக வேலை வாங்கியவன். போரில் வென்ற பக்கம் எப்படி வாழ்ந்தது என்பதை நேரடியாகச் சொன்னால் தணிக்கை விடாது. பார்தெம் அதை ஒரு குற்ற உணர்ச்சிக் காதல் கதைக்குள் வைத்துக் கடத்தினார்.

ஒரு காட்சியைக் குறித்து வைத்துப் பாருங்கள். வெளிநாட்டு விருந்தினர்களுக்காக பிளமெங்கோ என்ற தென் ஸ்பெயின் ஆட்டம் பாட்டு நடக்கிறது. காதலர்களின் ரகசியம் தெரிந்ததாகக் காட்டிக்கொள்ளும் ஒருவன், கணவன் பக்கத்தில் போய்க் காதில் ஏதோ சொல்கிறான். என்ன சொல்கிறான்? நமக்குக் கேட்காது. கைத்தட்டும் பாட்டும் கால் தட்டும் சத்தமும் எல்லாவற்றையும் மூடிவிடுகின்றன. முகம், முகம், இன்னொரு முகம் என்று வெட்டி வெட்டிக் காட்டுகிறார். நாமும் காதலர்களோடு சேர்ந்து உதட்டசைவைப் படிக்கத் தவிக்கிறோம். உல்லாசப் பயணிக்குக் காட்டும் ஸ்பெயினின் சத்தத்துக்கு அடியில் இன்னொரு ஸ்பெயின் முணுமுணுத்துக்கொண்டிருந்தது என்பதை இதைவிடச் சுருக்கமாகச் சொல்லிவிட முடியாது.

தவறு செய்த மனைவி திரையில் தண்டனை இல்லாமல் தப்பக் கூடாது என்பது அன்றைய எழுதப்படாத விதி. முடிவைப் பார்க்கும்போது இதை மனதில் வையுங்கள். படம் கானில் விமர்சகர் விருது பெற்ற அதே 1955 மே மாதம், சலமாங்காவில் நடந்த திரைப்படக் கலந்துரையாடலில் பார்தெம் எழுந்து, ஸ்பானிய சினிமா அரசியலில் பயனற்றது, சமூகத்தைப் பற்றிப் பொய் சொல்வது, அறிவில் தாழ்ந்தது, அழகியலில் பூஜ்யம், தொழிலாகச் சவலைப்பிள்ளை என்று அடுக்கினார். அடுத்த வருடம் 'காயே மயோர்' என்ற படத்தை எடுத்துக்கொண்டிருந்தபோது கைதானார்.

6. பாட்டின் பொருளைத் தேடிப் பிடியுங்கள்

பல பிரதிகளில் வசனத்துக்கு மொழிபெயர்ப்பு வரும், பாட்டு வந்தால் திரை காலியாக இருக்கும். அங்கேதான் பாதிப் படம் போகிறது. படத்துக்கு முன்பே பாட்டின் வரிகளைத் தேடிப் படித்துவிடுங்கள்.

'தகோனெஸ் லெஹானோஸ்' (1991) படத்தை வைத்துப் பழகலாம். வருடக்கணக்கில் மகளை விட்டுப் போயிருந்த பாடகி பெக்கி மேடைக்கு வருகிறாள். மண்டியிட்டு மேடையை முத்தமிடுகிறாள். உதட்டுச் சாயத்தின் சிவப்பு அச்சு தரையில் பதிகிறது. பிறகு "என்னை நினைத்துக்கொள்" என்ற பாட்டு. பாடிக்கொண்டிருக்கும்போதே ஒரு கண்ணீர்த் துளி சரியாக அந்த உதட்டு அச்சின் மேல் விழுகிறது. மகள் இதைக் கேட்பது சிறையில், வானொலியில். அந்தத் துளி நடக்கக் கூடியதா என்று கேட்டால் நடக்கக் கூடியதல்ல. ஆனால் அத்தனை வருடம் பிரிந்திருந்த அம்மாவும் மகளும் எந்த வசனத்தில் இதைச் சொல்லியிருப்பார்கள்?

'வோல்வேர்' படத்தின் தலைப்புப் பாட்டு, அர்ஜென்டினாவின் பழைய பாடகர் கார்லோஸ் கார்தெலின் டாங்கோ. படத்தில் அது பிளமெங்கோவாக மாறி எஸ்த்ரெயா மொரெந்தேயின் குரலில் வருகிறது. ரைமுந்தா பாட, காருக்குள் ஒளிந்திருக்கும் ஒருவர் கேட்டு அழுகிறார். யார் என்று சொல்லமாட்டேன். மூன்றாவது கேள்வியை இங்கே பொருத்திப் பாருங்கள்.

அழுகை பெண்களுக்கு மட்டும் என்று நினைத்தால் 'ஆப்லே கோன் எய்யா' (2002) பாருங்கள். முதல் காட்சியிலேயே ஓர் ஆண் நடன நிகழ்ச்சியைப் பார்த்துக் கண் கலங்குகிறான். பக்கத்து இருக்கைக்காரன் அதை கவனிக்கிறான். அங்கிருந்துதான் கதை.

7. அம்மா

'தோதோ சோப்ரே மி மாத்ரே' (1999), 'என் அம்மாவைப் பற்றி எல்லாம்'. இதை வரிசையின் நடுவில் வையுங்கள், முதலிலேயே பார்த்துவிட வேண்டாம். மேலே சொன்னவை எல்லாம் தெரிந்தபின் பார்த்தால் படம் இரு மடங்காகும்.

மனுவேலா மாட்ரிட் மருத்துவமனையில் உறுப்பு தானப் பிரிவில் வேலை செய்கிறாள். சாவுச் செய்தியைக் குடும்பத்தாரிடம் எப்படிச் சொல்வது, தானம் எப்படிக் கேட்பது என்று மருத்துவர்களுக்குப் பயிற்சி. அந்த ஒத்திகையில் கணவனை இழந்தவளாக நடிப்பது மனுவேலா. மகன் அதைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். சில நிமிடம் கழித்து, அவனுடைய பதினேழாவது பிறந்தநாள் இரவில், மழையில், அவள் அதே நாற்காலியின் நிஜமான பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறாள். அதே சொற்கள், இந்தத் தடவை அவளிடம் சொல்லப்படுகின்றன.

புதியவர்கள் பலர் இந்த இடத்தில் "இதென்ன தற்செயல்" என்று முகம் சுளிப்பதைப் பார்த்திருக்கிறேன். தற்செயல் மெலோடிராமாவின் இலக்கணம். ஒத்திகை பார்த்தும் துக்கத்துக்குத் தயாராக முடியாது என்பதை அந்த ஒற்றுமைதான் காட்டுகிறது. உறுப்பு தானத்தில் ஸ்பெயின் உலகின் முன்வரிசையில் இருக்கும் நாடு என்பதால், அந்த அறை ஸ்பானியப் பார்வையாளருக்கு அன்னியமானதும் அல்ல. இந்தப் படம்தான் அல்மோதோவாருக்கு முதல் ஆஸ்கார் வாங்கித் தந்தது.

8. குரல் அடங்கிய படங்கள்

அல்மோதோவாரோடு நின்றுவிட்டால் ஸ்பானிய மெலோடிராமா என்றால் சிவப்புச் சுவரும் பெரிய பாட்டும்தான் என்று தோன்றிவிடும். அதே கதைகளை வண்ணத்தைக் குறைத்துச் சொன்னவர்கள் உண்டு. பெனிதோ சாம்பிரானோவின் 'சோலாஸ்' (1999) அம்மாவும் மகளும் ஒரு நகர அடுக்ககத்தில் கழிக்கும் சில நாட்கள், அவ்வளவுதான்.

இசியார் போயாயின் 'தெ தோய் மிஸ் ஓஹோஸ்' (2003) தவறவிடக் கூடாத படம். தொலேதோ நகரம், இரவு. பிலார் பையனை எழுப்பிக் கூட்டிக்கொண்டு வீட்டை விட்டு ஓடுகிறாள். தங்கை வீட்டுக்கு வந்து சேர்ந்தபின்தான் குனிந்து தன் காலைப் பார்க்கிறாள்: வீட்டுச் செருப்போடு வந்துவிட்டாள். அதைப் பார்த்துத்தான் உடைந்து அழுகிறாள். அடித்ததை நமக்குக் காட்டவேயில்லை. செருப்பு காட்டிவிடுகிறது. படம் வந்த மறு வருடம், 2004 டிசம்பரில், பெண்கள் மீதான வன்முறைக்கு எதிரான தனிச் சட்டத்தை ஸ்பெயின் நிறைவேற்றியது. அந்த விவாதம் ஊரெல்லாம் கேட்டுக்கொண்டிருந்த காலத்தில் எடுத்த படம் என்பதை நினைவில் வைத்துப் பாருங்கள்.

9. கடைசியாக 'மாத்ரெஸ் பரலேலாஸ்', அதற்குப் பின் ஒரு சிறு வேலை

2021. ஒரே மருத்துவமனையில் ஒரே நாளில் பிரசவித்த இரண்டு பெண்கள், குழந்தை யாருடையது என்ற கேள்வி. மெலோடிராமாவின் மிகப் பழைய முடிச்சு. ஆனால் இன்னொரு பக்கம், கதாநாயகி ஜானிஸ் தன் கொள்ளுத்தாத்தாவின் எலும்புகளைத் தேடுகிறாள். உள்நாட்டுப் போரின்போது வீட்டிலிருந்து இழுத்துப்போய்ச் சுட்டு, ஊருக்கு வெளியே மொத்தமாகப் புதைக்கப்பட்டவர்களில் அவரும் ஒருவர். ஸ்பெயினில் இப்படிப் புதைந்தவர்கள் பல்லாயிரம் பேர். பெரும்பாலானோர் இன்னும் எடுக்கப்படவில்லை. மரபணுப் பரிசோதனை ஒரு குழந்தைக்குத் தாயைக் கண்டுபிடிக்கிறது, எலும்புகளுக்குக் குடும்பத்தைக் கண்டுபிடிக்கிறது. இரண்டு கதையும் ஒட்டவில்லை என்று சிலர் குறை சொன்னார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. இரண்டிலும் உண்மை தெரிந்த ஒருத்தி வாயை மூடிக்கொண்டிருக்கலாமா என்பதே கேள்வி.

படம் முடிந்ததும் நோட்டை எடுக்காதீர்கள். 'வோல்வேர்' படத்தைப் போட்டு, முதல் இரண்டு நிமிடத்தை மட்டும் மறுபடி பாருங்கள். காற்றில் குனிந்து கல்லைத் தேய்க்கும் அந்தப் பெண்களை. அவர்களுக்குத் தேய்க்க ஒரு கல் இருக்கிறது, அதில் பெயர் இருக்கிறது.